மாற்றிருக்கை

எழிலரசி கண் விழித்ததும் முதலில் தொட்டுப் பார்த்தது தன் இடது கன்னத்தை. நாக்கால் பற்களை ஒவ்வொன்றாகத் தடவினாள். எல்லாம் இருந்தன. அந்தப் பக்கத்துக் கடைவாய்ப்பல் ஒன்றில் மட்டும் சின்னக் குழி. அது போன மாதமே இருந்ததுதான்.

பக்கத்து இருக்கையில் திருமாறன் ஏற்கெனவே எழுந்து உட்கார்ந்திருந்தான். தலைவளையத்தைக் கழற்றி மடியில் வைத்திருந்தான். கண் கலங்கியிருந்தாலும் முகம் சிரித்துக்கொண்டிருந்தது.

“முடிச்சிட்டோம் எழில். பத்திரம் கைக்கு வந்துருச்சு. பால்கனியில நின்னு பிரிச்சுப் பாத்தேன்.”

“ம்,” என்றாள்.

பத்தே காலுக்கு உட்கார்ந்தவர்கள். இப்போது மணி பதினொன்று பத்து. ஐம்பத்தைந்து நிமிடத்தில் இருபத்தைந்து வருடம் வாழ்ந்துவிட்டு வந்திருந்தார்கள்.

ஆறு வருடமாகவே இதுதான் சட்டம். வீட்டுக்கடன் வாங்குகிறவர்கள், கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் முன்வாழ்வியில் உட்கார்ந்தாக வேண்டும். அதற்கு முன்பெல்லாம் வங்கிகள் ஒரு அட்டவணை தரும். ஒரு கோடி கடன், எட்டரை சதவீத வட்டி, மாதம் எண்பதாயிரத்து ஐந்நூற்றுச் சொச்சம். முதல் மாதத் தவணையில் எழுபதாயிரத்துச் சொச்சம் வட்டிக்கே போய்விடும் என்பதும், பத்து வருடம் கட்டிய பிறகும் எண்பத்தோரு லட்சத்துக்கு மேல் அசல் நிற்கும் என்பதும், ஒரு கோடிக்கு மொத்தம் இரண்டு கோடியே நாற்பது லட்சத்தைத் தாண்டிக் கட்ட வேண்டும் என்பதும் அதில் அச்சாகியே இருக்கும். எல்லோரும் பார்ப்பார்கள், தலையாட்டுவார்கள், கையெழுத்துப் போடுவார்கள். எட்டாவது வருடத்தில் வந்து, எங்களுக்கு யாரும் சொல்லவில்லையே என்று அழுவார்கள். எண்களைக் காட்டினால் மனிதர்களுக்குப் புரிவதில்லை, வாழ்ந்து பார்த்தால்தான் புரியும் என்று அரசாங்கம் ஒரு முடிவுக்கு வந்தது.

ஒவ்வொருவர் மணிக்கட்டிலும் இருக்கும் கைப்பதிவியில் அவர்களுடைய பத்துப் பன்னிரண்டு வருடப் பழக்கவழக்கங்கள் சேர்ந்திருக்கும். எப்போது தூங்குகிறார்கள், எதற்குப் பயப்படுகிறார்கள், கையில் காசில்லாதபோது முதலில் எதைக் குறைக்கிறார்கள் என்பதெல்லாம் அதில் இருக்கும். முன்வாழ்வி அதை எடுத்துக்கொண்டு கடனோடு சேர்த்துப் பல்லாயிரம் எதிர்காலங்களைப் போட்டுப் பார்த்து, நடக்க அதிக வாய்ப்புள்ள ஒன்றை உள்ளே ஓட்டிக் காட்டும். கனவு போலக் கலைந்துவிடாது. நேற்று நடந்தது நினைவில் நிற்பது போலவே நிற்கும். இரண்டே இரண்டு விஷயங்களைக் காட்டக் கூடாது என்று சட்டம் தடுத்திருந்தது. ஒன்று மரணம், மற்றொன்று இன்னும் பிறக்காத பிள்ளைகளின் முகம்.

அலுவலர் ஜெபமலர் இரண்டு தாள்களோடு வந்தார். ஐம்பதை நெருங்கும் பெண்மணி. நாகர்கோவில் பக்கம். ஓசூர் மையம் தொடங்கிய நாளிலிருந்து இங்கேதான் இருக்கிறார்.

“தண்ணி குடிச்சிட்டீங்களா? கடனை எடுக்கிறதா வேண்டாமாங்கிறதை இன்னைக்கே சொல்லணும்னு இல்ல. ஏழு நாள் இருக்கு.”

“ஏழு நாள் எதுக்கு மேடம்,” என்றான் திருமாறன். “கஷ்டந்தான். இல்லேன்னு சொல்லல. ஆனா முடிச்சிட்டோமே. போட்ரலாம்.”

“நீங்க, மேடம்?”

எழிலரசி கணவனின் முகத்தைப் பார்த்தாள். கல்யாணமாகி நான்கு வருடத்தில் அந்த முகத்தில் இப்படி ஒரு வெளிச்சத்தை அவள் பார்த்ததில்லை. மின்கலத் தொழிற்சாலையில் ஷிப்டு மேற்பார்வையாளன். வாடகை வீட்டில் ஆணி அடிக்கக்கூட ஓனரிடம் கேட்க வேண்டும் என்பதை ஒரு அவமானமாகவே மனதில் வைத்திருப்பவன்.

“போட்ரலாம்,” என்றாள். கை மறுபடி கன்னத்துக்குப் போனது.

ஜெபமலர் அதைக் கவனித்தார். அவரிடம் இருந்த தாள்களில் ஆளுக்கொரு சுமைக்கோடு இருந்தது. இருக்கையில் உட்கார்ந்தவரின் நாடித்துடிப்பும் தசை இறுக்கமும் இருபத்தைந்து வருடத்தில் எங்கே ஏறி எங்கே இறங்கின என்று காட்டும் கோடு. ஒருவருடையதை அடுத்தவரிடம் காட்டக் கூடாது, சொல்லவும் கூடாது. ஆனால் கையெழுத்துக்கு முன்னால் விதிகளைப் படித்துக் காட்ட வேண்டியது அவர் வேலை. வழக்கமாகக் கடகடவென்று படித்துத் தள்ளிவிடுவார். அன்றைக்குப் பதினான்காவது விதியை மட்டும் நிறுத்தி நிதானமாகப் படித்தார்.

“இருவரும் சம்மதித்தால், ஒருவர் மற்றவரின் இருக்கையில் அமர்ந்து அவருடைய முன்வாழ்வைப் பெறலாம்.” நிமிர்ந்து பார்த்தார். “மாற்றிருக்கைன்னு சொல்லுவோம். கட்டாயம் இல்ல. இந்த மையத்துல இதுவரைக்கும் யாரும் கேட்டதும் இல்ல.”

“வேணாம் மாமா,” என்றாள் எழிலரசி உடனே. “பசிக்குது. போயிரலாம்.”

அவள் அவ்வளவு வேகமாகச் சொன்னதுதான் அவனை யோசிக்க வைத்தது. எழில் எதற்கும் அவசரப்படுகிறவள் அல்ல. ரோஜாப் பண்ணையின் ஆய்வகத்தில், நகக்கண் அளவு துளிர்களைக் கண்ணாடிக் குப்பிகளில் வைத்து வளர்ப்பது அவள் வேலை.

“என்ன எழில், உள்ள ஏதாவது பிரச்சனையா?”

“ஒண்ணுமில்ல. கட்டி முடிச்சிட்டோம்னு நீங்களே சொன்னீங்களே.”

“அப்ப நான் பாத்தா என்ன?”

அவள் தன் தலைவளையத்தை எடுத்து அவனிடம் நீட்டினாள். “பாருங்க.”

திருமாறன் அவள் இருக்கையில் சாய்ந்தான். அறை மங்கியது.

முதல் மூன்று வருடங்கள் அவனுக்குத் தெரிந்தவைதான். புது வீடு, புதுச் சுவரின் வாசம், கிரகப்பிரவேசத்துக்கு வந்த கூட்டம். ஆனால் எல்லாம் வேறு உயரத்தில் இருந்து தெரிந்தன. அவன் நேசித்த பால்கனிக்கு அவள் துணி காயப்போட மட்டுமே வந்தாள். நான்காவது வருடம் தவணையும் பிரசவச் செலவும் சேர்ந்து இடித்தபோது, ஆய்வகம் முடிந்ததும் பூக்கள் அடைக்கும் குளிர்கிடங்கில் மாலை வேலைக்குச் சேர்ந்தாள். நின்றுகொண்டே செய்யும் வேலை. அவனுடைய இருபத்தைந்து வருடத்தில் இந்தக் கிடங்கு ஒரே ஒரு வரியாகத்தான் இருந்தது. ‘எழிலும் சாயங்காலம் ஒரு வேலைக்குப் போறா’ என்று யாரிடமோ பெருமையாகச் சொல்லியிருந்தான். இப்போது அதன் ஈரக்குளிர் அவன் கணுக்காலில் ஏறியது.

ஐந்தாவது வருடம் கடைவாய்ப்பல் வலித்தது. வேர்ச் சிகிச்சைக்குப் பன்னிரண்டாயிரம் ஆகும் என்றார்கள். அடுத்த மாதம் பார்க்கலாம் என்று மாத்திரை போட்டுக்கொண்டாள். அந்த அடுத்த மாதம் ஏழு வருடம் கழித்துத்தான் வந்தது. அதற்குள் பக்கத்துப் பல்லும், அதற்குப் பக்கத்துப் பல்லும் போயிருந்தன. அதன் பிறகு இருபத்தைந்து வருடம் முடியும்வரை வலது பக்கமாகவே மென்றாள்.

முகம் தெரியாத ஒரு குழந்தை அவன் தோளில் காய்ச்சலோடு கிடந்தது. சட்டப்படி முகம் மங்கல்தான், ஆனால் சூடு மங்கலாக இல்லை. அதைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டுக் கிடங்குக்கு ஓடினான்.

பென்னாகரத்தில் இருந்து அவளுடைய அம்மா வாரம் ஒரு முறை போன் செய்வார். “ஒரு நடை வந்துட்டுப் போ பாப்பா.” “அடுத்த மாசம் வர்றேம்மா.” பதினாறாவது வருடத்துக்குப் பிறகு அந்த போன் வரவில்லை. முன்வாழ்வி மரணத்தைக் காட்டாது. போன் வருவது மட்டும் நின்றுவிடும்.

பதினெட்டாவது வருடம் வங்கியில் இருந்து வந்த தாளை அவள் கிடங்கு வாசலில் நின்று படித்தாள். கடனில் பாதி இன்னும் பாக்கி இருந்தது. தாளை மடித்துப் பைக்குள் வைத்துவிட்டு உள்ளே போனாள்.

பிறகு கடைசி நாள். அவன் தன் வாழ்வில் பால்கனியில் நின்று அழுத அதே நாள். அவள் கிடங்கில் இருந்தாள். அவன் குரல் போனில் கேட்டது: “எழில், முடிஞ்சிருச்சு.” “சரி மாமா, வந்துடறேன்.” இன்னும் நாற்பது பெட்டி பாக்கி இருந்தது. அடைத்து முடித்துவிட்டுத்தான் கிளம்பினாள்.

தலைவளையத்தைக் கழற்றியபோது திருமாறன் எழிலரசியைப் பார்க்கவில்லை. தரையைப் பார்த்தான். “உங்கம்மாவப் போய்ப் பாக்கவே இல்லியே நீ,” என்றான் கடைசியில்.

“இது இன்னும் நடக்கல மாமா.”

“பல்லு வலிக்குதுன்னு ஒரு தடவையாவது எங்கிட்டச் சொன்னியா?”

“சொன்னா என்ன பண்ணியிருப்பீங்க? இன்னொரு வேலைக்குப் போயிருப்பீங்க.”

ஜெபமலர் மெதுவாகச் சொன்னார், “மேடம், சட்டப்படி உங்களுக்கும் உரிமை இருக்கு. அவரோடதை நீங்களும் பாக்கலாம்.”

எழிலரசிக்கு அதில் ஆர்வம் இல்லை. அவன் சந்தோஷமாக எழுந்ததைத்தான் பார்த்தாளே. இருந்தாலும் அவன் உட்கார்ந்திருந்த கோலத்தைப் பார்த்ததும் அவனுடைய இருக்கைக்குப் போனாள்.

அந்த வாழ்வில் ஒவ்வொரு மாதமும் ஐந்தாம் தேதி இருந்தது. தவணை பிடிக்கும் நாள். மூன்றாம் தேதியில் இருந்தே அடிவயிற்றில் நெருப்பு வைத்தாற்போல் எரியத் தொடங்கும். பணம் போய்விட்டது என்று போன் ஒலித்த பிறகுதான் சோறு இறங்கும். முந்நூறு தவணை, முந்நூறு எரிச்சல். பதினோராவது வருடம் அவன் மேற்பார்த்த உற்பத்தி வரிசைக்கு இயந்திரக் கைகள் வந்தன. மேற்பார்வையாளன் வேலை போய், அதே தொழிற்சாலையில் பாதிச் சம்பளத்துக்குக் கேட் வேலை தந்தார்கள். அவளிடம் சொல்லவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் நண்பர்களைப் பார்க்கப் போவதாகச் சொல்லிவிட்டு, கிருஷ்ணகிரிக்குச் சரக்கு வண்டி ஓட்டினான். மாம்பழக் காலத்தில் இரண்டு நடை. பால்கனியில் அவன் நின்று அழுதது வீடு சொந்தமான சந்தோஷத்தில் அல்ல. இனி ஐந்தாம் தேதி கிடையாது என்பதற்காக.

இவற்றையெல்லாம்கூட அவள் தாங்கிக்கொண்டாள். அவளை உலுக்கியது வேறொன்று. இருபத்தைந்து வருடமும் அவனுக்குள் இருந்து தன்னைத் தேடினாள். பையை மாட்டிக்கொண்டு வாசலைத் தாண்டும் ஒரு முதுகு தெரிந்தது. சமையலறையில் குழாய்ச் சத்தம் கேட்டது. மேசையில் மூடி வைத்த தட்டு இருந்தது. அவள் முகம் நேராகத் தெரிந்த நாட்களை எண்ணிவிடலாம் போலிருந்தது. அவளுடைய வாழ்விலும் அப்படித்தான் என்பது அப்போதுதான் உறைத்தது. அங்கே அவன் பெரும்பாலும் போர்வைக்குள் தூங்கும் ஓர் உருவம்.

எழுந்ததும் அவள் அழுதாள். திருமாறன் வந்து பக்கத்தில் உட்கார்ந்தான்.

“வண்டி ஓட்டுனீங்களா?”

“தெரிஞ்சிருச்சா,” என்றான்.

“கிருஷ்ணகிரி டோல்கிட்ட ஒரு தடவை தூங்கிட்டீங்க. பக்கத்துல லாரி.” அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். “எனக்கு இந்த வீடு வேணும்னு நான் எப்பவாச்சும் கேட்டேனா மாமா?”

“இல்ல. நான்தான், நீ ஆசைப்படுவேன்னு நெனச்சேன். நீ போட்ரலாம்னு சொன்னியே.”

“நீங்க ஆசைப்பட்டீங்கன்னு சொன்னேன்.”

அவன் ஜெபமலர் பக்கம் திரும்பிக் கேட்டான், “மேடம், கையெழுத்துப் போடலைன்னா எப்படி இருக்கும்னு இது காட்டுமா?”

“கடன் எடுத்தா என்ன ஆகும்னுதான் காட்டும் தம்பி. எடுக்காட்டி என்ன ஆகும்னு காட்ட விதி இல்ல.” தாளைத் திருப்பி வைத்தார். “அதைத் தினம் ஒரு நாளா வாழ்ந்துதான் பாக்கணும்.”

அவர்கள் கையெழுத்துப் போடவில்லை. அன்று மதியத்துக்குள் இருவருமாகச் சேர்ந்து நூறு வருடம் வாழ்ந்து, நான்கு முறை ஒரே கடனைக் கட்டி முடித்திருந்தார்கள். வீடு மட்டும் இல்லை.

அடுத்த வாரமே எழிலரசிக்குப் பல் வைத்தியம் நடந்தது. அந்த மாதமே பென்னாகரம் போனார்கள், அதற்கடுத்த மாதமும் போனார்கள். மகள் நறுமுகை பிறந்தபோது அவள் முகத்தை இருவரும் மாறி மாறி வெகுநேரம் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். பக்கத்துப் படுக்கைக்காரர்கள் முதல் பிள்ளை போலிருக்கிறது என்று சிரித்தார்கள்.

ஆனால் வாடகை ஏறியது. முன்வாழ்வியில் உட்கார்ந்து எழுந்தவர்களில் பலர் கடன் வேண்டாம் என்று போய்விட, விற்காத அடுக்ககங்களைப் பெரிய நிறுவனங்கள் மொத்தமாக வாங்கி வாடகைக்கு விட்டன. ஊரில் வீடு வைத்திருக்கும் ஆட்கள் குறைந்தார்கள். வாடகை ஒப்பந்தம் பதினோரு மாதம்தான். பதினோரு மாதத்தை முன்கூட்டி வாழ்ந்து பார்க்கத் தேவையில்லை என்று சட்டம் நினைத்தது. ஒன்பது வருடத்தில் அவர்கள் ஆறு வீடு மாறினார்கள். ஏழாவது முறையாகக் காலி செய்யச் சொன்னபோது வாடகை எண்பத்தெட்டாயிரம் ஆகியிருந்தது.

“நாப்பது லட்சத்துக்குப் பாகலூர்ல ஒரு பழைய வீடு இருக்கு,” என்றாள் எழிலரசி. “பன்னெண்டு வருஷக் கடன். வாடகைய விடக் கம்மிதான் வருது. அன்னைக்குப் பாத்த கணக்கே வேற மாமா. இது தாங்கும்.”

“நீ கிடங்குக்குப் போகக் கூடாது.”

“நீங்க வண்டி ஓட்டக் கூடாது.”

இருவரும் மையத்துக்குப் போனார்கள். ஜெபமலருக்கு ஓய்வு பெற இன்னும் சில மாதம்தான் இருந்தது. அடையாளம் தெரிந்து சிரித்தார். தலைவளையங்களைப் பொருத்தினார். ஐம்பத்தைந்து நிமிடம் இருவரும் கண்ணை மூடிக் கிடந்தார்கள். எதுவும் வரவில்லை. மறுபடி ஓட்டினார். மூன்றாவது முறையும் திரையில் ஒரே வரிதான் நின்றது: கணிக்க இயலவில்லை.

ஜெபமலர் அவர்களுடைய ஒன்பது வருடக் கைப்பதிவுகளைத் திரையில் விரித்துப் பார்த்தார். நீண்ட நேரம் பார்த்தார்.

“இது கெட்டுப் போகல,” என்றார். “ஒரு மனுஷன் பழக்கத்துல என்ன பண்ணுவான்னு வச்சுத்தான் இது கணிக்கும். காசு முட்டுனா ஒருத்தர் வலியை மறைப்பாங்க, ஒருத்தர் வேலையை மறைப்பாங்க, அது மாறவே மாறாது. அதை நம்பித்தான் இருபத்தஞ்சு வருஷத்தை ஓட்டுது. உங்க பதிவுல எந்த முடிவு எடுக்கும்போதும் ரெண்டு பேரும் நின்னுடுறீங்க. மத்தவருக்கு இது எப்படி இருக்கும்னு யோசிக்கிறீங்க. அதுக்கப்புறம் எந்தப் பக்கம் போவீங்கன்னு இதுக்குத் தெரியல.”

“அப்ப அன்னைக்கு நாங்க பாத்தது?” என்றான் திருமாறன்.

“அது மாற்றிருக்கையில உட்காராத ரெண்டு பேரோட வாழ்க்கை. நீங்க உட்கார்ந்து எழுந்த நிமிஷமே அது நடக்காத வாழ்க்கையா ஆயிருச்சு. அன்னைக்குக் கடனை எடுத்திருந்தாலும் அப்படி நடந்திருக்காது.” கொஞ்சம் தயங்கினார். “எப்படி நடந்திருக்கும்னு எனக்கும் தெரியாது.”

எழிலரசி கணவனைத் திரும்பிப் பார்த்தாள். ஒன்பது வருடமாக நன்றி சொல்லிக்கொண்டிருந்த ஒரு முடிவு அவள் மடியில் வேறு எடையோடு வந்து உட்கார்ந்தது. அவனும் அதையேதான் யோசித்துக்கொண்டிருந்தான் என்பது அவளுக்குத் தெரிந்தது.

“பரவால்ல மேடம். இந்தக் கடனுக்கு என்ன பண்ணலாம்?” என்றாள்.

“முன்வாழ்வுச் சான்று இல்லாம வங்கி ஒரு ரூபா தராது. சட்டம்.” ஜெபமலர் திரையில் காரணப் பட்டியலைத் திறந்தார். வருமானம் போதாது, வயது கடந்தது, ஆவணக் குறைபாடு. எதுவும் பொருந்தவில்லை. கடைசியில் இருந்த ‘பிற’ என்பதைத் தொட்டுவிட்டு அவர்களைப் பார்த்தார். “இதுல என்ன எழுத?”

“எங்களுக்குப் புரிஞ்சிருச்சுன்னு எழுதுங்க,” என்றான் திருமாறன்.

ஜெபமலர் யோசித்தார். பிறகு முறையான வாக்கியமாக்கி எழுதினார்: ‘விண்ணப்பதாரர்கள் இருவரும் கடனின் முழு விலையை, ஒருவர் மற்றவருக்காகவும் சேர்த்து, உணர்ந்தவர்கள். ஆகவே கணிக்க இயலவில்லை. இவர்களுக்குக் கடன் தரலாம் என்பது என் கருத்து.’ கடைசி வாக்கியத்தை எழுத அவருக்கு அதிகாரம் இல்லை. இருந்தும் அழிக்கவில்லை.

வங்கியின் பதில் மாதக் கடைசியில் வந்தது. அடுத்த வாடகை வீட்டுக்குப் போகச் சாமான்கள் எல்லாம் வண்டியில் ஏறிவிட்டன. பீரோ மட்டும் பாக்கி. ஒரு பக்கம் திருமாறனும் மறுபக்கம் எழிலரசியும் பிடித்து மூன்றாவது மாடியில் இருந்து இறக்கிக்கொண்டிருந்தபோது அவள் கைப்பதிவி ஒலித்தது. படிக்கட்டுத் திருப்பத்தில் பீரோவை இறக்கி வைத்துவிட்டுப் படித்தாள்.

“என்ன போட்டிருக்கான்?” என்று கீழ்ப்படியில் இருந்து கேட்டான்.

அவள் வாய்விட்டுப் படித்தாள். “விண்ணப்பத்தில் கூறப்பட்டுள்ள காரணம் ஏற்கத்தக்கதல்ல. கடனின் தன்மையை முழுமையாகப் புரிந்துகொண்ட பின்னர் மீண்டும் விண்ணப்பிக்கவும்.”

வண்டிக்காரர் கீழிருந்து ஒரு முறை ஹாரன் அடித்தார்.

“கீழ்ப்பக்கம் கனமா இருக்கும். நீங்க மேல வாங்க மாமா,” என்றாள் அவள்.

“உனக்கு முட்டி வலி. நானே பிடிக்கிறேன்,” என்றான் அவன்.

யார் கீழே இறங்குவது என்று முடிவாக அவர்களுக்கு வெகுநேரம் ஆயிற்று.